கால்பந்து வீரர் வழக்கறிஞராக, முதலில் பிளஸ் டூ வேண்டும்

ஆசிரியருக்கு,

வணக்கம். ஆட்டத்திலிருந்து ஓய்ந்த பிறகு சட்டம் படித்து வழக்கறிஞரான, தொழிலதிபரான வெளிநாட்டுக் கால்பந்து வீரர்களைப் பற்றி நம் நாளிதழ்களின் விளையாட்டுப் பக்கங்களில் அவ்வப்போது செய்தி வருகிறது. வியாசர்பாடி முல்லை நகரிலும் கண்ணப்பர் திடலிலும் பந்தாடும் பையன்கள் அதை வாட்ஸ்அப்பில் பகிர்ந்து, "நாமும் இப்படி வரலாமா?" என்று பயிற்சியாளர்களைக் கேட்கிறார்கள். வரலாம். ஆனால் அந்தச் செய்திகளில் இல்லாத சில விவரங்கள் தெரியாமல் கிளம்பினால், ஐந்தாறு ஆண்டு போன பிறகு வாசலில் நிறுத்தித் திருப்பி அனுப்பிவிடுவார்கள். அந்த விவரங்களுக்காகவே இந்த நீண்ட கடிதம். சுருக்காமல் வெளியிடுமாறு வேண்டுகிறோம்.

அடிக்கடி பேசப்படும் பெயர்களிலிருந்து தொடங்குகிறோம். ஆலன் பேஜ், மினசோட்டா வைக்கிங்ஸ் அணியின் தடுப்பாட்டக்காரர். அவர் ஆடியது பந்தைக் கையில் பிடித்து ஓடும் அமெரிக்கக் கால்பந்து. 1971-இல் அதன் தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.-இன் மிகச் சிறந்த வீரராகத் தேர்வானார். ஆடிக்கொண்டே 1978-இல் சட்டப் பட்டம் வாங்கினார், 1981 வரை ஆட்டத்தையும் விடவில்லை. 1993 முதல் 2015 வரை மினசோட்டா மாநில உச்ச நீதிமன்றத்தின் நீதிபதி. அதே ஆட்டத்தை ஆடிய ஸ்டீவ் யங் சீசன் இல்லாத மாதங்களில் படித்து 1994-இல் சட்டப் பட்டம் பெற்றார். அடுத்த ஜனவரியில் சூப்பர் பௌல் இறுதியாட்டத்தின் சிறந்த வீரரும் அவரே. பின்னாளில் எச்.ஜி.ஜி.சி. என்ற முதலீட்டு நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். நம் ஊரில் ஆடும் வகைக் கால்பந்தில் பார்த்தால், இங்கிலாந்தில் 1994-95 பிரீமியர் லீகை வென்ற பிளாக்பர்ன் ரோவர்ஸ் அணியின் ஸ்டூவர்ட் ரிப்ளி. ஓய்வுக்குப் பிறகு சட்டமும் பிரெஞ்சும் படித்து முதல் வகுப்பில் தேறி, 2010-இல் சொலிசிட்டர், அதாவது அந்நாட்டு வழக்கறிஞர் ஆனார். ஐஸ்லாந்தின் குட்னி பெர்க்சன் போல்டன் அணிக்குத் தலைமை தாங்கியவர், வழக்கறிஞர், 2017 முதல் 2021 வரை தம் நாட்டுக் கால்பந்து சங்கத்தின் தலைவர்.

பேஜும் யங்கும் முதல் சம்பளம் வாங்கும்போதே பல்கலைக்கழகத்தில் படித்து வந்தவர்கள். அமெரிக்க லீக், வீரர்களைப் பல்கலைக்கழக அணிகளிலிருந்துதான் எடுக்கிறது. படிப்பும் ஆட்டமும் அங்கே ஒரே வளாகத்தில் நடக்கின்றன. இங்கே பையனை 14 வயதில் அகாடமி கூட்டிப் போகிறது, 18-இல் கிளப் ஒப்பந்தம் நீட்டுகிறது. இடையில் பள்ளிக்கூடம் நழுவிவிடுகிறது. சட்டப் படிப்புக்கான முதல் கதவு அங்கேயே சாத்தப்படுகிறது என்பது அப்போது வீட்டில் யாருக்கும் தெரிவதில்லை.

வழக்கறிஞர் தொழிலை நெறிப்படுத்தும் இந்திய பார் கவுன்சிலின் 2008-ஆம் ஆண்டு சட்டக் கல்வி விதிகளில் 5-ஆவது விதியைப் பாருங்கள். மூன்றாண்டு எல்.எல்.பி. சேர ஏதாவது ஒரு பட்டம் வேண்டும். ஆனால் பத்து, பிளஸ் டூ, பட்டம் என்று படிப்படியாக வந்த பட்டமாக இருக்க வேண்டும். பத்தாம் வகுப்போடு நின்றவரைத் திறந்தநிலைப் பல்கலைக்கழகம் முன்தயாரிப்புப் படிப்பு ஒன்றை முடிக்க வைத்து நேராகப் பட்டப் படிப்பில் சேர்த்துக்கொள்ளும். அந்தப் பட்டம் வேறு பல காரியங்களுக்கு உதவும், சட்டக் கல்லூரிக்கு உதவாது. மூன்று ஆண்டு உழைத்து பி.ஏ. வாங்கியவரிடம் கலந்தாய்வில் "பிளஸ் டூ மார்க் ஷீட் எங்கே தம்பி?" என்று கேட்பார்கள். அதோடு முடிந்தது. உயர் நீதிமன்றம் வரை போய் ஏமாந்து திரும்பியவர்கள் உண்டு.

ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். தொலைநிலைக் கல்வியே செல்லாது என்று சிலர் பயமுறுத்துகிறார்கள், அது தவறு. பிளஸ் டூ முடித்துவிட்டு அஞ்சல் வழியில் பட்டம் பெற்றால் செல்லும். பிளஸ் டூவையே தேசியத் திறந்தநிலைப் பள்ளியில் எழுதினாலும் செல்லும். படி தாண்டியதுதான் குற்றம். ஆகவே அகாடமியில் இருக்கும் பையன் தேசியத் திறந்தநிலைப் பள்ளியில் பதிவு செய்துகொள்ளட்டும். பதிவு ஐந்து ஆண்டு செல்லும், அதற்குள் ஒன்பது முறை தேர்வு எழுத வாய்ப்பு, ஆண்டுக்கு இரண்டு பருவம். ஐந்து பாடத்தையும் ஒரே மூச்சில் எழுதத் தேவையில்லை. சீசன் முடிந்ததும் இரண்டு, அடுத்த இடைவெளியில் இரண்டு என்று முடிக்கலாம். ஆட்டக்காரனுக்கு இதைவிடத் தோதான ஏற்பாடு கிடையாது. பிறகு தொலைநிலையில் பி.ஏ.வோ பி.காமோ. மதிப்பெண்ணையும் விட்டுவிடக் கூடாது. எல்.எல்.பி. சேரப் பட்டத்தில் பொதுப் பிரிவினருக்கு 45 சதவீதம், இதர பிற்பட்டோருக்கு 42, பட்டியலினத்தவருக்கு 40 என்பது பார் கவுன்சில் வைத்திருக்கும் குறைந்தபட்சம். தமிழ்நாட்டில் அரசு சட்டக் கல்லூரிகளுக்கு நுழைவுத் தேர்வு இல்லை, பட்டத்தில் எடுத்த மதிப்பெண்தான் தரவரிசை. "பாஸ் பண்ணினால் போதும்" என்று எழுதிய பட்டம் இங்கே காலை வாரிவிடும்.

கல்லூரிக்குள் போன பிறகு வீரர்களை வீழ்த்துவது வருகைப்பதிவு. எல்.எல்.பி.யை அஞ்சல் வழியில் படிக்க முடியாது. ஒவ்வொரு பாடத்திலும் 70 சதவீத வகுப்புக்கு வந்திருக்க வேண்டும் என்பது விதி. சென்னைப் பையனுக்கு இதில் கூடுதல் சிக்கல் ஒன்று. பாரிமுனையில் உயர் நீதிமன்றத்தை ஒட்டி இருந்த அம்பேத்கர் அரசு சட்டக் கல்லூரி 2018-இல் புதுப்பாக்கத்துக்கும் பட்டறைபெரும்புதூருக்கும் பிரிந்து போய்விட்டது. காலையில் நேரு ஸ்டேடியத்தில் பயிற்சி, பதினோரு மணிக்கு வகுப்பு என்று இனி ஓட்ட முடியாது. போய் வருவதிலேயே அரை நாள் கரையும். போதாததற்கு, வேலையில் இருந்துகொண்டு சட்டம் படிப்பவர் அதைத் தெரிவித்து, வேலை தருபவரிடமிருந்து தடையில்லாச் சான்றும் கொண்டுவர வேண்டும் என்று 2024-இல் பார் கவுன்சில் சுற்றறிக்கை விட்டது. எங்கள் கருத்தில், முழுநேர கிளப் ஒப்பந்தத்தையும் எல்.எல்.பி.யையும் ஒன்றாக இழுக்கப் பார்ப்பது வேண்டாம். ஆடும் காலத்தில் பிளஸ் டூவும் பட்டமும். ஒப்பந்தம் முடிந்த கோடையில் சட்டக் கல்லூரி விண்ணப்பம். படிக்கும் மூன்று ஆண்டும் சென்னை லீகில் உள்ளூர் அணி ஒன்றுக்குச் சம்பளமில்லாமல் ஆடலாம், உடம்பும் கெடாது.

பட்டம் கையில் வந்தபின் பார் கவுன்சிலில் பதிவு. இங்கே நிறையப் பேர் தேவையில்லாமல் பணம் கட்டி வந்தார்கள். 2024 ஜூலை 30 அன்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: வழக்கறிஞர்கள் சட்டம் 24-ஆவது பிரிவில் உள்ளபடி பொதுப் பிரிவினருக்கு 750 ரூபாய், பட்டியலினத்தவருக்கும் பழங்குடியினருக்கும் 125 ரூபாய், அதற்கு மேல் பதிவுக் கட்டணம் கேட்கக் கூடாது. முத்திரைத்தாள் செலவு மட்டும் தனி. விண்ணப்பத்தில் நிலுவையில் இருக்கும் குற்ற வழக்கு பற்றிக் கேட்பார்கள். மைதானத் தகராறில் யாரோ போட்ட அடிதடி வழக்கு, பந்தல் பிரச்சினையில் சேர்த்துவிட்ட பெயர் என்று வடசென்னைப் பையன்கள் பலர் மேல் இப்படி ஒன்று கிடக்கும். அதை மறைப்பது வழக்கைவிடப் பெரிய ஆபத்து. படிக்கும் காலத்திலேயே அதை முடித்துவைக்க வழி தேட வேண்டும். பதிவுக்குப் பின் இரண்டு ஆண்டுக்குள் அகில இந்திய பார் தேர்வு. 100 கேள்வி, சரியான விடையைக் குறிக்கும் முறை.

அடுத்து விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலைக்குப் போனவர்கள். ரயில்வே, வங்கி, காவல் துறை, ஐ.சி.எஃப். என்று சென்னைக் கால்பந்தின் முதுகெலும்பே இந்த அணிகள்தான். அங்கே வேலையில் இருந்தபடி எல்.எல்.பி. முடித்தவர் வழக்கறிஞராகத் தொழில் செய்ய முடியாது. பார் கவுன்சில் நடத்தை விதிகளில் 49-ஆவது விதி, முழுநேரச் சம்பளக்காரர் யாரையும் தடுக்கிறது. கிளப்போடு சம்பள ஒப்பந்தத்தில் இருக்கும் வீரருக்கும் இது பொருந்தும் என்றே கொள்ள வேண்டும். வேலையை விட்டு, விடுவிப்பு ஆணை கையில் வாங்கிய பிறகுதான் பதிவு. ஓய்வூதியம், வீட்டுக் கடன் எல்லாம் கணக்குப் பார்த்துச் செய்ய வேண்டிய முடிவு இது. ஜூனியராக வரும் வருமானம் ஆரம்பத்தில் சொற்பம். 2024 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் சென்னை, மதுரை, கோவையில் ஜூனியர்களுக்கு மாதம் குறைந்தது 20,000 ரூபாய் தர வேண்டும் என்றது. எல்லா அலுவலகத்திலும் அது கிடைக்கிறது என்று நம்பிக் கடன் வாங்கிவிடாதீர்கள்.

வெளிநாட்டுச் செய்திகளில் "வழக்கறிஞரும் தொழிலதிபருமான" என்று ஒரே மூச்சில் எழுதுகிறார்கள். இங்கே ஒரே நேரத்தில் இரண்டும் கூடாது. விதி 47: வழக்கறிஞர் நேரடியாக வியாபாரம் நடத்தக் கூடாது, பணம் போட்டுவிட்டு ஒதுங்கியிருக்கும் பங்குதாரராக மட்டும் இருக்கலாம். விதி 48: நிறுவனத்தின் இயக்குநர் குழுவில் உட்காரலாம், ஆனால் நிர்வாக வேலை பார்க்கக் கூடாது, மேலாண்மை இயக்குநராகக் கூடாது. குடும்ப வியாபாரம் பரம்பரையாக வந்தால் பங்கு வைத்துக்கொள்ளலாம், கல்லாவில் உட்கார முடியாது. வியாபாரம்தான் என்று முடிவு செய்தால், பார் கவுன்சிலுக்கு எழுதிக் கொடுத்துத் தொழிலைத் தாமே நிறுத்திவைத்துக்கொள்ள வழி இருக்கிறது. பின்னால் திரும்பவும் வரலாம்.

வீரர்களுக்கு ஏஜென்ட்டாகப் போக நினைப்பவர்களுக்கும் இதே முட்டுக்கட்டை. 2023-இல் நடப்புக்கு வந்த பிஃபா விதிகளின்படி, வழக்கறிஞரே ஆனாலும் ஏஜென்ட் வேலைக்குத் தனி உரிமம் வேண்டும். தேர்வில் 20 கேள்வி, ஒரு மணி நேரம், 75 சதவீதம் எடுத்தால் தேர்ச்சி. ஆங்கிலம், பிரெஞ்சு, ஸ்பானிஷ் மூன்றில் ஒன்றில்தான் எழுத முடியும். ஏஜென்ட் வாங்குவது வீரரின் வருமானத்தில் சதவீதம். பார் கவுன்சிலின் 20-ஆவது விதியோ, முடிவைப் பொறுத்து ஃபீஸ் பேசாதே என்கிறது. கறுப்புக் கோட்டையும் கமிஷனையும் சேர்த்து வைத்துக்கொள்ள ஆசைப்படுபவர் இந்த இரண்டு விதிகளையும் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டும்.

சரி, ஒரு கால்பந்து வீரர் ஏன் சட்டம் படிக்க வேண்டும்? நம் பையன்கள் கையெழுத்துப் போடும் விதத்தைப் பார்த்தாலே போதும். பதிவுச் சாளரம் மூடப் போகும் கடைசி நாள், சாயங்காலம். இருபது பக்க ஆங்கில ஒப்பந்தம் வருகிறது. மாதச் சம்பளம் எழுதிய பக்கத்தை மட்டும் புரட்டிப் பார்த்துவிட்டு, மஞ்சள் ஒட்டுத்தாள் இருக்கும் இடத்திலெல்லாம் கையெழுத்து. பிரதி கேட்டால் "மெயிலில் அனுப்புகிறோம்" என்பார்கள், வராது. முதல் ஒப்பந்தமாக இருந்தால், அந்த மேசையில் உட்காரும் பையன் கண்ணைக் கட்டிக்கொண்டு பெனால்டி தடுக்கும் கோல்கீப்பர் மாதிரிதான்.

பார்க்க வேண்டியவை இவை. சம்பளம் பன்னிரண்டு மாதத்துக்கா, சீசன் நடக்கும் எட்டோ பத்தோ மாதத்துக்கா? ஒரே தொகையை இரண்டாகப் பிரித்து, பாதியை "உருவப்பட உரிமை" என்று தனித்தாளில் எழுதியிருக்கிறார்களா? அந்தத் தாள் கால்பந்துக் கூட்டமைப்பில் பதிவாகாவிட்டால், சம்பளம் நின்ற நாளில் பாதிப் பணத்துக்கு வேறு வாசலில் போய் நிற்க வேண்டிவரும். கிளப் மட்டும் தன் விருப்பப்படி ஓராண்டு நீட்டித்துக்கொள்ளலாம் என்று வரி இருக்கிறதா? முழங்காலில் முன் சிலுவைத் தசைநார் அறுந்தால் அறுவைக்கு யார் செலவு, மீண்டு வரும் ஏழெட்டு மாதமும் சம்பளம் ஓடுமா, காயத்தைக் காட்டி ஒப்பந்தத்தை முறிக்க முடியுமா? காப்பீடு இருக்கிறது என்று வாயால் சொன்னால் ஏற்காதீர்கள், பாலிசி எண் எழுதியிருக்க வேண்டும். காலம் எவ்வளவு? பிஃபா விதிப்படி உச்சம் ஐந்து ஆண்டு, 18 வயது நிரம்பாதவருக்கு மூன்று ஆண்டுதான். மைனர் போட்ட கையெழுத்து இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் முன் செல்லாது என்பது 1903-இலேயே பிரிவி கவுன்சில் தீர்த்த விஷயம். பெற்றோர் கையெழுத்து கட்டாயம் கேட்பார்கள், ஆகவே பெற்றோரும் படித்துப் பார்த்துத்தான் போட வேண்டும். ஒவ்வொரு பக்கத்திலும் இரு தரப்பும் சுருக்கொப்பம் இட்ட மூலப் பிரதி ஒன்று வீட்டு பீரோவில் இருக்கட்டும்.

விளம்பர ஏஜென்சி ஒப்பந்தங்களில் இன்னொன்று வரும். காலம் முடிந்த பிறகும் வேறு யாராவது கூடுதலாகக் கொடுத்தால் முதலில் எங்களிடம் வந்து கேட்க வேண்டும் என்பார்கள். ஜாகீர் கான் வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் அப்படிப்பட்ட பிணைப்பு, ஒப்பந்தக் காலத்துக்குப் பின் இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 27-ஆவது பிரிவின்படி செல்லாது என்றது. கிரிக்கெட்டில் வந்த தீர்ப்பானாலும் கால்பந்து வீரர்கள் தெரிந்துவைத்திருக்க வேண்டியது.

சம்பளம் நின்றால் என்ன செய்வது? பயிற்சிக்கு வராமல் நின்றுவிடுவதுதான் வீரர்கள் செய்யும் பெரிய தவறு. ஒப்பந்தத்தை மீறியவர் நீங்கள் ஆகிவிடுவீர்கள். பிஃபா விதி 14-இன் துணைவிதி, இரண்டு மாதச் சம்பளம் பாக்கி நின்றால், எழுத்தில் அறிவிப்பு கொடுத்து 15 நாள் அவகாசம் தந்து, அதற்கும் பணம் வராவிட்டால் நியாயமான காரணத்தோடு ஒப்பந்தத்தை முறிக்கலாம் என்கிறது. உங்கள் ஒப்பந்தத்தில் இதே ஏற்பாடு எழுதியிருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு, அறிவிப்பு அனுப்பிய 15 நாளும் பயிற்சிக்குப் போய் வருகைப்பதிவில் பெயர் ஏறும்படி செய்யுங்கள். பின்தேதியிட்ட காசோலை கொடுத்தால், அது மூன்று மாதம்தான் செல்லும். திரும்பிவிட்டது என்று வங்கி சொன்ன நாளிலிருந்து 30 நாளுக்குள் வக்கீல் நோட்டீஸ், நோட்டீஸ் போய்ச் சேர்ந்து 15 நாள் அவகாசம், அதன்பின் ஒரு மாதத்துக்குள் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் புகார். "மேனேஜர் அடுத்த மாதம் தருகிறேன் என்றார்" என்று காத்திருந்து 30 நாளைக் கோட்டைவிட்டால், திரும்பிய காசோலைக்கு வழக்குப் போட வழி தரும் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆவது பிரிவு கைவிட்டுப் போய்விடும். காசோலை இன்னும் காலாவதி ஆகாமல் இருந்தால் மறுபடி வங்கியில் போட்டுப் புதிதாகக் கணக்கைத் தொடங்கலாம், அவ்வளவே.

இதெல்லாம் எங்கோ நடப்பது என்று நினைக்க வேண்டாம். இந்தியன் சூப்பர் லீக் (ஐ.எஸ்.எல்.) போட்டிகளுக்கு அடிப்படையான, 2010-இல் 15 ஆண்டுக்குப் போட்ட வணிக உரிமை ஒப்பந்தம் 2025 டிசம்பரில் முடிவுக்கு வந்தது. புதுப்பிப்பு இழுபறியானதில் அந்த ஆண்டு வழக்கம்போல செப்டம்பரில் தொடங்க வேண்டிய சீசன் தொடங்கவில்லை. நாட்டின் முதல் நிலை லீகிலேயே சம்பளம் எப்போது வரும் என்று வீரர்கள் காத்திருந்தார்கள்.

வியாபாரத்தில் இப்போது எல்லோரும் போவது டர்ஃப் மைதானம். சேமித்த பணம், மனைவி நகை, நண்பன் பங்கு எல்லாம் சேர்த்து, வேளச்சேரி, மேடவாக்கம், மாதவரம் பக்கம் காலி மனையை வாடகைக்கு எடுத்துச் செயற்கைப் புல் விரிக்கிறார்கள். அடியில் ஜல்லித் தளம் சரியாக இறுக்காமலோ, தண்ணீர் வடிய வாட்டம் விடாமலோ போட்டால், ஐப்பசி கார்த்திகை மழையில் நீர் தேங்கி ஒட்டுகள் பிரியும், கறுப்பு ரப்பர் குறுணை வடிகாலில் அடித்துப் போகும். குறுணை குறைந்த இடத்தில் புல் படுத்துவிடும், அங்கே கால் வழுக்கி ஆட்டக்காரர்கள் முழங்காலைக் கெடுத்துக்கொள்வார்கள். வாரம் ஒருமுறை தூரிகை போட்டு நிமிர்த்தி, குறுணை சேர்த்துக்கொண்டே வந்தால் புல் ஏழெட்டு ஆண்டு வரும்.

ஆனால் பலரை மூழ்கடிப்பது புல் அல்ல, 11 மாத ஒப்பந்தம். முத்திரைத்தாள் செலவும் பதிவுச் செலவும் மிச்சம் என்று 11 மாதத்துக்கு எழுதிக்கொண்டு, ஏழு ஆண்டு உழைக்க வேண்டிய புல்லை அதன்மேல் விரிக்கிறார்கள். மனை விலை ஏறியதும் உரிமையாளர் காலி செய்யச் சொல்வார். வெட்டியெடுத்த புல்லை வேறு இடத்தில் பொருத்தினால் அளவும் ஒட்டும் சேராது. ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகை எதுவும் பதிவு செய்தால்தான் நிற்கும் என்பது பதிவுச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு. புல்லின் ஆயுளுக்கு ஈடான ஆண்டுகளுக்குக் குத்தகை, சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு, முன்கூட்டிக் காலி செய்யச் சொன்னால் போட்ட முதலில் மீதிக்காலத்துக்கு ஈடு தர வேண்டும் என்ற நிபந்தனை, வில்லங்கச் சான்று. இவை நான்கும் கைக்கு வந்த பிறகு புல்லுக்கு முன்பணம் கொடுங்கள். மனை கோயில் நிலமா, நீர்நிலைப் புறம்போக்கா என்று கிராம நிர்வாக அலுவலரிடம் நிலத்தின் வகையைக் காட்டும் அ-பதிவேட்டைப் பார்த்துவிடுவதும் அவசியம். வருமானம் ஆண்டுக்கு 20 லட்சம் ரூபாயைத் தாண்டினால் ஜி.எஸ்.டி. பதிவு கட்டாயம். ஆன்லைன் செயலி வழியாக முன்பதிவு வாங்கத் தொடங்குமுன் ஆடிட்டரைக் கேட்டுவிடுங்கள்.

தங்களிடம் எங்கள் வேண்டுகோள் ஒன்று உண்டு. ஆண்டுதோறும் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகம் மூன்றாண்டு எல்.எல்.பி. சேர்க்கை அறிவிப்பு விடும்போது அது கல்விப் பக்கத்தில் சின்னதாக வருகிறது. அதையே விளையாட்டுப் பக்கத்திலும் ஒரு கட்டத்துக்குள் போடுங்கள். தேசியத் திறந்தநிலைப் பள்ளிப் பதிவுக்குக் கடைசித் தேதியையும் அப்படியே. அகாடமிகள், லீக் அணிகளின் செயலாளர்களிடமும் கேட்டுக்கொள்கிறோம்: பையனைச் சேர்க்கும்போது ஆதார், பிறப்புச் சான்று, மருத்துவச் சான்று வாங்குகிறீர்கள். விண்ணப்பத்தில் "பிளஸ் டூ எங்கே படிக்கிறான், பதிவு எண் என்ன" என்று ஒரு வரி சேருங்கள், அதை நிரப்பாத விண்ணப்பத்தை வாங்காதீர்கள்.

இப்படிக்கு,
கால்பந்துப் பயிற்சியாளர்களும் வழக்கறிஞர்களுமான வாசகர்கள்,
பெரம்பூர், சென்னை - 600 011